காலிமுகத்திடலில் உதித்த சூரியன்

பஸ்ஸில் வாந்தி எடுப்பவர்கள் பயணக் கதை எழுதக் கூடாது என்று நாட்டில் சட்டம் எதுவும் இல்லை. இருந்திருந்தால் நான் தப்பித்திருப்பேன். யட்டியாந்தோட்டைக்கு மேலே ஒரு ரப்பர்த் தோட்டத்தில் முன்பள்ளி டீச்சராக, நிலாப் பாட்டும் எண் பாட்டும் சொல்லிக்கொடுத்துக்கொண்டு மரியாதையாக இருந்திருப்பேன்.

அந்த நாள் வரும்வரை நான் இரண்டு தடவை கொழும்புக்குப் போயிருந்தேன். இரண்டு தடவையும் கொழும்பைப் பார்க்கவில்லை. முதல் தடவை பாஸ்போர்ட் எடுக்கப் போனது. போகும்போது ஒரு சொப்பிங் பைக்குள் முகம், வரும்போது இன்னொரு சொப்பிங் பைக்குள் முகம், நடுவில் ஒரு கியூ. இரண்டாம் தடவை பெரியப்பாவைப் பார்க்க ஆஸ்பத்திரிக்குப் போனது. நான் வார்டுக்குள் நுழைந்த கோலத்தைப் பார்த்து பெரியப்பா எழுந்து உட்கார்ந்துவிட்டார். "என்னா புள்ள, ஒனக்கும் கட்டில் வேணுமா?" என்றார். (கேட்டதோடு விடவில்லை. நர்ஸையும் கூப்பிட்டுவிட்டார்.)

இப்படிப்பட்ட நான்தான் கொழும்பைப் பற்றிச் சிறுவர் புத்தகம் எழுதினேன்.

அதற்கு ஒரு காரணம் இருந்தது. எங்கள் முன்பள்ளியில் 'நூலகம்' என்று நாங்கள் பெருமையாகச் சொல்வது ஒரு பிஸ்கட் அட்டைப்பெட்டியை. யாரோ புண்ணியவான் கொடுத்த படப் புத்தகங்கள் அதற்குள் இருந்தன. நகரத்தைப் பற்றிய புத்தகங்களும் இருந்தன. ஆனால் அவற்றில் வந்த பிள்ளைகள் எல்லாம் வெள்ளைக்காரப் பிள்ளைகள். கம்பளித் தொப்பி, சிவப்பு மாடி பஸ், தெரு முழுக்க உறைபனி. நானும் படத்தைக் காட்டி, "இதுதான் நகரம்" என்று சொல்லிக்கொடுத்தேன். மறுநாள் ஒரு பிள்ளையின் அம்மா ரப்பர்ப் பால் வெட்டிவிட்டு, கையில் வாளியோடு நேரே முன்பள்ளி வாசலுக்கு வந்து நின்றார்.

"டீச்சர், கொழும்புக்குப் போறதுன்னா சுவெட்டர் வாங்கணுமாமே? மாமா வீட்டுக்குப் போகலாம்னு சொன்னதுலயிருந்து மவ அழுவுறா. குளிர்ல செத்துருவேங்குறா."

அன்றைக்கே முடிவெடுத்தேன். எங்கள் தோட்டத்துப் பிள்ளை ஒன்று எங்கள் கொழும்புக்குப் போகிற புத்தகம் வேண்டும். யாரும் எழுதவில்லையா? சரி, நானே எழுதுகிறேன். பிள்ளைக்குச் சுதா என்று பெயர் வைத்தாகிவிட்டது. பஸ்ஸிலும் ஏற்றியாகிவிட்டது. கொழும்பில் இறங்கிய பிறகு அவள் எதைப் பார்ப்பாள் என்பதில்தான் சிக்கல். எனக்குத் தெரிந்த கொழும்பு சொப்பிங் பையின் அடிப்பக்கம் மட்டும்.

ஆகவே என் தம்பி ரவியைப் பிடித்தேன். அவன் கொழும்பு புறக்கோட்டையில் ஒரு புடவைக் கடையில் சேல்ஸ்மேன். கடைக்கு மேலேயே தங்குமிடம். ஒரு பௌர்ணமிப் போயா நாளில் லீவுக்கு வந்தவன், சோறு தின்றுவிட்டு போனைப் பார்த்துக்கொண்டு கிடந்தான். நான் கொப்பியும் பேனாவுமாகப் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"டேய், அந்தக் கடற்கரை, காலிமுகத்திடல் எப்படிடா இருக்கும்?"

"ஐயோ அக்கா, அத ஏன் கேக்குற! சூரியன் அப்படியே கடல் மேல நிக்கும். செக்கச்செவேல்னு. வானம் பூரா பட்டம். இறால் வடை சுடச்சுடப் போடுவாங்க. கூட்டம்னா அப்படி ஒரு கூட்டம்."

"சூரியன் உதிக்கிறப்பவா?"

"ஆமாக்கா, ஆமா" என்றான், போனிலிருந்து கண்ணை எடுக்காமல்.

ரவி பிறந்ததிலிருந்து சூரியன் உதிப்பதைப் பார்த்தவன் இல்லை என்பது அவனை வளர்த்த எனக்குத் தெரியும். அந்த நேரத்தில் அது ஏனோ ஞாபகத்துக்கு வரவில்லை. கலை உணர்ச்சி அப்படி. எழுதித் தள்ளினேன். சுதா அதிகாலையில் எழும்புகிறாள், பல் துலக்குகிறாள், மாமாவோடு காலிமுகத்திடலுக்குப் போகிறாள், கடலிலிருந்து சூரியன் எழும்புகிறது, பட்டம் விடுகிறாள், இறால் வடை சாப்பிடுகிறாள். 'சுதா கண்ட சூரியோதயம்' என்று தலைப்பும் வைத்தேன்.

கேகாலையில் நடந்த ஒரு டீச்சர் பயிற்சியில் இதை வாசித்துக் காட்டினேன். அங்கே புத்தகம் விற்க வந்திருந்த ஒரு கொழும்புப் பதிப்பாளர் கேட்டுக்கொண்டிருந்தார். நாதன் ஐயா என்று கூப்பிடுவோம். "டீச்சர், இத நான் போடுறேன்" என்றார். போட்டும்விட்டார். மட்டக்களப்பு ஓவியர் ஒருவர் படம் வரைந்தார். அட்டையில், கடலுக்கு நடுவே இருந்து தேசிக்காய்ச் சாறு பிழிந்த மாதிரி ஒளி சிந்திக்கொண்டு ஒரு பெரிய செஞ்சூரியன் எழும்பியது. பார்த்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது.

பிறகு ஐயா போன் செய்தார். கொழும்பில் ஒரு பெரிய தமிழ்ப் பள்ளியில் வாசிப்பு வாரம். நான் போய்ப் புத்தகத்தை வாசித்துக் காட்ட வேண்டும். மற்றப் பள்ளிகளிலிருந்தும் ஆசிரியர்கள் வருவார்கள். "அங்க எடுபட்டா எல்லா இடத்துலயும் எடுபடும். அப்படிப் போச்சுன்னா உங்க முன்பள்ளிக்கு ஒரு அலுமாரி நிறையப் புத்தகம் நான் தாறேன்" என்றார்.

இதை நான் மனதுக்குள் வைத்திருக்கலாம். வைத்திருக்கவில்லை. பிள்ளைகளிடம் சொன்னேன். பிள்ளைகள் லயத்து வீடுகளில் சொன்னார்கள். லயம் தோட்டம் முழுக்கச் சொன்னது. புறப்படுவதற்கு முதல் நாள், பிள்ளைகள் அலுமாரி வைக்க முன்பள்ளி மூலையைக் கூட்டிக் கழுவிச் சாக்பீஸால் கட்டமே போட்டுவிட்டார்கள்.

விடியற்காலை பஸ்ஸில் ரவி துணைக்கு வந்தான். வாந்தி மாத்திரை ஒன்று போடச் சொன்னான். நான் எழுத்தாளர் அல்லவா, பாதுகாப்புக்கு இரண்டு போட்டேன். கரவனெல்லை தாண்டியது மங்கலாக ஞாபகம். அதற்குப் பிறகு ஒன்றும் தெரியாது. கண் திறந்தபோது பஸ் புறக்கோட்டையில் நின்றது. மழை மூட்டம், வானம் இருண்டு கிடந்தது. பதறி எழுந்து கத்தினேன்.

"டேய் ரவி! பொழுது சாஞ்சிருச்சாடா? நிகழ்ச்சி முடிஞ்சிருச்சா?"

பஸ்ஸில் மிச்சமிருந்த எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். "அக்கா, காலைலதான்க்கா. எறங்கு" என்றான் ரவி, என்னைத் தெரியாதவன் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு.

பள்ளி மண்டபம் எங்கள் ரப்பர் ஸ்டோரை விடப் பெரியது. மேடைக்குப் பின்னால் என் புத்தக அட்டையைச் சுவரளவு பெனராக அடித்துத் தொங்கவிட்டிருந்தார்கள். தூண்களில் செம்மஞ்சள் காகிதச் சூரியன்கள். போதாததற்கு வரவேற்பு நடனம். நீலப் பாவாடை கட்டிய சின்னப் பிள்ளைகள் அலைகளாக ஆட, நடுவிலிருந்து மஞ்சள் அட்டை கட்டிய குட்டிப் பெண் ஒருத்தி சூரியனாக மெல்ல மெல்ல எழும்பினாள். எல்லோரும் கை தட்டினார்கள். முன் வரிசையில் நாதன் ஐயா எழுந்து நின்று தட்டினார். நானும் உதிக்கிற சூரியனின் நிறத்தில் புடவை கட்டியிருந்தேன். (ரவியின் கடைப் புடவை. ஊழியர் கழிவில் மலிவு விலை.)

கதையை வாசித்தேன். முன்பள்ளி டீச்சரின் குரல், மைக் இல்லாமலே மலைக்கு அந்தப் பக்கம் கேட்கும். இங்கே மைக்கும் இருந்தது. கடலிலிருந்து சூரியன் எழும்பும் இடத்தில் கையை உயர்த்தி, குரலை நடுங்கவிட்டு, கண்ணை மூடித் திறந்தேன். மண்டபம் அமைதியாக இருந்தது. மெய்மறந்துவிட்டார்கள் என்று நினைத்தேன்.

இரண்டாவது வரிசையில் ஒரு கை உயர்ந்தது. வெள்ளை முக்காடு, மூக்குக்கண்ணாடி. அஸ்மா என்று பெயர் குத்தியிருந்தது.

"கேளுங்க மகள்" என்றேன், பெருந்தன்மையாக.

"மிஸ், காலிமுகத்திடல்ல சூரியன் உதிக்காது."

"என்னம்மா?"

"உதிக்காது மிஸ். மறையும்."

நான் புன்னகையை எடுக்கவில்லை. எடுக்கத் தெரியவில்லை என்பதுதான் சரி. அது முகத்தில் அப்படியே ஒட்டிக்கொண்டுவிட்டது. உள்ளே மட்டும் ஏதோ மெதுவாகச் சுற்றியது. கொழும்பு இலங்கையின் மேற்கே இருக்கிறது. கடல் அதற்கும் மேற்கே. சூரியன்... தினமும் காலையில் பிள்ளைகளை வரிசையாக நிறுத்தி, கிழக்கு எது என்று கை நீட்டிக் காட்டுகிற டீச்சர் நான்.

அதற்குள் மற்றக் கைகளும் உயர ஆரம்பித்துவிட்டன.

"மிஸ், காலைல இறால் வடை விக்க மாட்டாங்க."

"பட்டமும் பின்னேரம்தான் விடுவாங்க மிஸ்."

"நாங்க வாப்பாவோட காலைல நடக்கப் போவோம். அங்க காக்கா மட்டும்தான் இருக்கும்."

"பிள்ளைகள்! வந்த விருந்தாளிகிட்ட இப்படியா கேக்குறது?" என்று பொறுப்பாசிரியை எழுந்தார். ஆனால் அவர் கண்ணும் பெனரைத்தான் பார்த்தது. மண்டபத்தில் இருந்த பெரியவர்கள் எல்லோரும் பெனரைப் பார்த்தார்கள். நாதன் ஐயா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார். சூரியன் அங்கேயேதான் உதித்துக்கொண்டிருந்தது. பின்னால் நின்ற என் தம்பி, சுவரில் மாட்டியிருந்த தீயணைக்கும் சிலிண்டரில் எழுதியிருந்ததை ஒரு எழுத்து விடாமல் படித்துக்கொண்டிருந்தான்.

வாழ்க்கையில் முதல் தடவையாக எனக்கு வாந்தி வர வேண்டும் என்று வேண்டிக்கொண்டேன். வந்திருந்தால் தூக்கிக்கொண்டு போயிருப்பார்கள். வரவில்லை. இரண்டு மாத்திரை அல்லவா, நன்றாக வேலை செய்தது.

சாக்பீஸால் கட்டம் போட்ட மூலை கண்ணுக்குள் வந்தது. திரும்பிப் போய் அந்தப் பிள்ளைகளிடம் என்ன சொல்வேன்? 'அலுமாரி வராது, டீச்சருக்கு மேற்கு எது என்று தெரியவில்லை' என்றா? அப்போதுதான், காலையில் பஸ்ஸில் நான் போட்ட கூச்சல் என் காதில் விழுந்தது. பொழுது சாஞ்சிருச்சாடா?

வாய் தன்பாட்டில் திறந்தது.

"சரியாச் சொன்னீங்க அஸ்மா. அது உதிக்கிற சூரியன் இல்ல. சுதாவுக்குத்தான் அது தெரியல."

அடுத்த வரி என்ன என்று எனக்கே தெரியாது.

"ஏன் தெரியலன்னா... சுதா பஸ்ல வாந்தி மாத்திரை போட்டுக்கிட்டா. ஒண்ணு போடச் சொன்னாங்க. அவ எத்தன போட்டா?"

"ரெண்டு!" என்று யாரோ கத்தினார்கள்.

"ரெண்டு! மாமா வீட்டுக்கு வந்து படுத்தவ, காலைல எழுப்பினா எந்திரிக்கல. மத்தியானம் எழுப்பினா எந்திரிக்கல. கடைசியா அவளா முழிச்சுப் பார்த்தா ஜன்னல் பூரா செவப்பு. 'ஐயோ, விடிஞ்சிருச்சு!'ன்னு பிரஸ்ஸ எடுத்துக்கிட்டு ஓடுறா."

மைக் பல் துலக்கும் பிரஸ் ஆனது. நான் மேடையில் அந்தக் கோடிக்கும் இந்தக் கோடிக்கும் ஓடினேன். சிரிப்பு ஆரம்பித்தது. முதலில் முன் வரிசை, பிறகு நடு, பிறகு பின்னால்.

"காலிமுகத்திடல்ல இறால் வடைக்காரர் நிக்கிறாரு. சுதா வாய் பூரா நுரையோட போயி, 'சுப உதேசனக் மாமே!'ன்னு காலை வணக்கம் சொல்றா. அவரு வடைய எண்ணெயிலயே விட்டுட்டு அவளப் பாக்குறாரு. என்ன சொல்லியிருப்பாரு?"

சிங்களம் கொழும்புப் பிள்ளைகளுக்குத் தண்ணீர் பட்ட பாடு. எங்கிருந்தோ ஒரு குரல் கிழவரின் தொண்டையோடு வந்தது: "மொன உதேத துவே, தென் ஹவஸ!"

என்ன காலை மகளே, இப்போது சாயங்காலம்! மண்டபம் வெடித்தது. அதன் பிறகு கதை என் கையில் இல்லை. பட்டம் விடுகிறவர் என்ன சொன்னார்? "தென் ஹவஸ!" பொலிஸ்காரர்? "தென் ஹவஸ!" நடக்க வந்த ஆன்டி? "தென் ஹவஸ!" மண்டபத்தின் கூரைத் தகடு அதிர்ந்தது. கேள்வியாக எழும்பிய பிழைகள் எல்லாம் ஒவ்வொன்றாகத் தங்கள் தங்கள் இடத்தில் போய் உட்கார்ந்தன. சாயங்காலம் என்றால் வடை இருக்கும். பட்டம் இருக்கும். கூட்டம் இருக்கும். ரவி சொன்னது எல்லாம் உண்மைதான். நேரத்தை மட்டும் நான் மாற்றிவிட்டேன்.

நடன உடையைக் கழற்றாமல் ஓரமாக உட்கார்ந்திருந்த அலைகளையும் சூரியனையும் மேடைக்குக் கூப்பிட்டேன். "சூரியன் இப்ப என்ன செய்யப் போவுது?" என்றேன். குட்டிச் சூரியன் ஒரு விநாடி யோசித்தாள். பிறகு முழங்காலை மடித்து, அலைகளுக்குப் பின்னால் கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே போனாள்.

நான் மேடையில் அலறினேன். "ஐயோ மாமா! சூரியன் தண்ணிக்குள்ள விழுந்திருச்சு! யாராச்சும் தூக்குங்க!"

பொறுப்பாசிரியை சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தார். பள்ளி அதிபர் சிரித்துச் சிரித்து இருமல் வந்து தண்ணீர் கேட்டார். அஸ்மா மட்டும் கையை மறுபடி உயர்த்தினாள்.

"மிஸ், ஆனா சுதாவுக்கு ஏன் அது தெரியாது? சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியுமே."

நான் மூச்சு வாங்கிக்கொண்டேன். இதற்கு வேடிக்கைப் பதில் தோன்றவில்லை.

"எங்க தோட்டத்துல சூரியன் ரப்பர் மரத்துக்குப் பின்னாடியிருந்து வரும், மலைக்குப் பின்னாடி போயிரும். கடல்ல அது என்ன செய்யும்னு சுதாவுக்கு யாரும் காட்டல மகள். அவ இப்பத்தான் முதல் தடவ கடலப் பாக்குறா."

அஸ்மா கண்ணாடியை மூக்கில் ஏற்றிவிட்டு யோசித்தாள். "அப்பச் சரி" என்று உட்கார்ந்தாள். எந்த நீதிபதியின் தீர்ப்பும் எனக்கு அவ்வளவு இனிக்காது.

நிகழ்ச்சி முடிந்ததும் நாதன் ஐயா நேரே என்னிடம் வந்தார். திட்டப் போகிறார் என்று தலையைக் குனிந்துகொண்டேன்.

"நான் எழுத்துப்பிழை மட்டும்தான்மா பார்த்தேன். சூரியப்பிழை பார்க்கல" என்றார். "ஓவியருக்கும் தெரியாது. அவரோட மட்டக்களப்பு கிழக்குக் கரை, அங்க கடல்லதானே உதிக்கும். அத விடுங்க. இப்பச் சொன்னீங்களே, அந்தக் கதைய அப்படியே எழுதித் தாங்க. படத்துல ஒரு கோடு மாத்தத் தேவையில்ல. உதிக்கிறதும் மறையிறதும் படத்துல ஒண்ணுதான்."

"அப்ப அடிச்ச புத்தகத்த என்ன ஐயா செய்றது?"

பதில் அஸ்மாவிடமிருந்து வந்தது. அவள் ஒரு பிரதியைக் கையில் வைத்துக்கொண்டு எங்கள் பக்கத்திலேயே நின்றாள். "பிழை கண்டுபிடிக்கிற போட்டி வைங்க மிஸ். நான் இதுக்குள்ளேயே எட்டு கண்டுபிடிச்சிட்டேன்."

ஐயா மைக்கை வாங்கி அப்படியே அறிவித்தார். பிள்ளைகள் மேசையை மொய்த்தார்கள். கொண்டுவந்த பெட்டிகள் காலியாகின. மற்றப் பள்ளி ஆசிரியர்கள் தங்கள் பள்ளிக்கும் வரச் சொல்லி என் போன் நம்பரை எழுதிக்கொண்டார்கள். சரியாக எழுதிய புத்தகம் எதற்காவது இப்படி நடக்குமா என்று எனக்கு இன்றுவரை சந்தேகம்.

அன்று சாயங்காலம் ரவி பரிகாரமாக என்னைக் காலிமுகத்திடலுக்குக் கூட்டிப் போனான். "அக்கா, நேர்லயே பாத்துரு" என்றான். மழை மூட்டம் கலையவே இல்லை. சூரியன் உதித்ததா, மறைந்ததா, வேலைக்கே வந்ததா என்று சொல்ல முடியாதபடி வானம் சாம்பலாகக் கிடந்தது. இறால் வடை மட்டும் சுடச்சுட இருந்தது. ஆளுக்கு இரண்டு தின்றோம். பக்கத்தில் கடல் ஒரே சத்தமாகச் சிரித்துக்கொண்டிருந்தது. நான் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை.

அலுமாரி அடுத்த மாதமே லொறியில் வந்தது. தோட்டத்துப் பாலம் வரைதான் லொறி வரும்; அங்கிருந்து ஆண்கள் தோளில் தூக்கிவந்தார்கள், பிள்ளைகள் ஆளுக்கொரு புத்தகத்தைத் தலையில் வைத்துக்கொண்டு பின்னால் வந்தார்கள். கட்டத்துக்குள் அலுமாரி சரியாக உட்கார்ந்தது. 'சுதாவுக்கு விடிந்துவிட்டது' என்ற புதுத் தலைப்போடு இரண்டாம் பதிப்பும் வந்து, மூன்றாம் பதிப்பும் வந்துவிட்டது. நாதன் ஐயா இப்போது நகரத்தைப் பற்றிய எந்தச் சிறுவர் கதையையும் அஸ்மாவின் வகுப்பு வாசித்துச் சரி சொன்னால்தான் அச்சுக்கு அனுப்புகிறார்.

எங்கள் வீட்டில் யாராவது படுக்கையிலிருந்து தாமதமாக எழும்பினால், "தென் ஹவஸ!" என்று சமையலறையிலிருந்து குரல் வரும். அது பரவாயில்லை. போன மாதம் ரவிக்குக் கல்யாணம். மாப்பிள்ளையையும் பெண்ணையும் காலிமுகத்திடலில் நிறுத்திப் படம் பிடித்திருந்தார்கள். பின்னால் கடல், அதன் மேல் செக்கச்செவேலென்று ஒரு சூரியன். அல்பம் கைக்குக் கை மாறி வந்தபோது, சின்ன அத்தை ஒருவர் கண்ணுக்குக் கிட்டத்தில் பிடித்துப் பார்த்தார்.

"இது உதிக்குதா, மறையுதா?" என்று கேட்டார்.

புதுப்பெண் எங்கள் வீட்டுக்கு வந்து அப்போது ஒரு வாரம்கூட ஆகியிருக்கவில்லை. தலையைக் குனிந்தபடி, என் பக்கம் கையைக் காட்டி, மரியாதையாக, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி சொன்னாள்:

"அண்ணிகிட்டக் கேளுங்க. அவங்கதான் முடிவு பண்ணுவாங்க."